சாட்சி பேசும்போது யாரைப் பார்ப்பது?

மார்ச் 4

விசாரணையைப் படம்பிடிக்க அனுமதி வந்துவிட்டது. முடியும்வரை எந்த வழக்கு, யார் என்பதை இங்கே எழுத மாட்டேன்.

நிபந்தனைகள் கறார்தான். கேமரா நகரக் கூடாது. சாட்சி வேண்டாமென்றால் முகம் காட்டக் கூடாது. வக்கீலும் கட்சிக்காரரும் தங்களுக்குள் பேசுவது மைக்கில் விழவே கூடாது. இந்தக் கடைசி நிபந்தனையை அவர்கள் போடாவிட்டால் நானே கேட்டு வாங்கியிருப்பேன். என் படத்துக்காக ஒருவர் தன் வக்கீலிடம் மனம்விட்டுப் பேச முடியாமல் போவது அநியாயம். மைக்குகளை அந்த மேசையை விட்டுத் தள்ளி, சாட்சிக் கூண்டைப் பார்க்க வைத்திருக்கிறோம். கேமராவின் சிவப்பு விளக்கு மேல் கறுப்பு டேப் ஒட்டியாயிற்று. அது எரிந்தால் சாட்சியின் கண் அங்கேயேதான் நிற்கும்.

மார்ச் 6

குறுக்கு விசாரணை. காலையிலிருந்து ஒரே யோசனை: பேசுபவரைப் பார்ப்பதா, கேட்பவரையா?

1961-ல் ஜெருசலேமில், யூத இனப்படுகொலையில் பெரும்பங்கு வகித்த நாஜி அதிகாரி ஐக்மன் மீதான விசாரணையைப் படமாக்கிய லியோ ஹர்விட்ஸ் நான்கு கேமராக்களை யார் கண்ணிலும் படாமல் மறைத்து வைத்தார். சாட்சிகள் பேசப் பேச, கண்ணாடிக் கூண்டுக்குள் இருந்த ஐக்மன் முகத்துக்கே திரும்பத் திரும்பப் போனார். அந்த ஆவல் எனக்குப் புரிகிறது. ஆனால் இன்று சாட்சி பேசும்போது குற்றம் சாட்டப்பட்டவர் கண்ணை மூடிக்கொண்டார். அதை மட்டும் குளோசப்பில் காட்டினால் பார்ப்பவர்கள் அங்கேயே தீர்ப்பு எழுதிவிடுவார்கள். பயத்திலும் மூடலாம், தூக்கமில்லாமலும் மூடலாம். ஆகவே இருவரும் ஒரே ஃபிரேமில். முகம் சிறிதாகத் தெரிந்தால் தெரியட்டும்.

மார்ச் 7

வாய்தா. பேட்டரிகளை சார்ஜ் போட்டதோடு சரி.

மார்ச் 11

எடிட்டிங் அறையில் வாக்குவாதம். "அன்று நீங்கள் பார்த்தது இவரைத்தானா?" என்று வக்கீல் கேட்கிறார். சாட்சி தண்ணீர் டம்ளரைத் தொடுகிறார், எடுக்கவில்லை. பதினொரு விநாடி. அப்புறம் "ஆமாம்." நீதிமன்றப் பதிவில் கேள்வி இருக்கிறது, ஆமாம் இருக்கிறது, நடுவில் ஒன்றுமில்லை.

இடைவெளியை வெட்டலாம் என்கிறார் எடிட்டர், படம் தொய்கிறதாம். வெட்டினால் தயங்கிய சாட்சி உறுதியான சாட்சியாகிவிடுவார். அது சாட்சியத்தைத் திருத்துவதுதான். நீதிபதி உட்கார்ந்து கேட்ட அந்த நேரம் முழுவதும் பார்ப்பவருக்கும் வேண்டும். வெட்ட விடவில்லை.

பிரான்சில் 1954-ல் நீதிமன்றத்துக்குள் கேமராவைத் தடை செய்தார்கள். 1985-ல் ஒரு சட்டம் வந்து, வரலாற்று ஆவணமாகப் பதிவு செய்ய மட்டும் கதவைத் திறந்தது. 1987-ல் லியோனில் நடந்த, நாஜி ரகசியப் போலீஸ் அதிகாரி கிளாஸ் பார்பி மீதான விசாரணை அப்படிப் பதிவானதுதான். நம்மை உள்ளே விட ஏன் அவ்வளவு தயங்குகிறார்கள் என்பதற்கு இந்தப் பதினொரு விநாடியே போதும்.

மார்ச் 12

தீர்ப்புக்கு முன் ஒரு காட்சியும் வெளியே போகாது என்று இரு தரப்பு வக்கீல்களுக்கும் எழுதிக் கொடுத்துவிட்டேன். நாளை மருத்துவரின் சாட்சியம். அவருக்கு முகம் காட்டுவதில் ஆட்சேபணை இல்லையாம்.