வில்லானியின் வெண்புள்ளிகள்: துலாம்பென்னில் ஒருவழியாகப் பிடிபட்ட படம்

குரோமோடோரிஸ் வில்லானி என்னும் ஓடில்லாத கடல் நத்தையின் உணர்கொம்புகளில் இருக்கும் வெண்புள்ளிகளும் செவுள்களில் இருக்கும் வெண்புள்ளிகளும் ஒரே படத்தில் கூர்மையாக ஒருவழியாக விழுந்துவிட்டன. பாலித் தீவின் வடகிழக்குக் கரையிலுள்ள துலாம்பென்னில், செங்குத்தாக இறங்கும் பாறைச் சரிவில், விரல் நீளம்கூட இல்லாத ஒரு நத்தை தன் பக்கவாட்டை முழுமையாகக் காட்டியபடி ஊர்ந்துகொண்டிருந்தபோது எடுத்த படம் இது. அங்கு வருபவர்களில் பெரும்பாலோர், 1942இல் நீர்மூழ்கிக் கப்பலின் தாக்குதலுக்கு உள்ளாகிக் கரையேற்றப்பட்டு, 1963இல் ஆகுங் எரிமலை வெடித்தபோது மீண்டும் கடலுக்குள் தள்ளப்பட்ட லிபர்ட்டி கப்பலைப் பார்க்கவே இறங்குகிறார்கள். கூட்டம் முழுவதும் அங்கேயே இருப்பதால், நத்தை தேடுபவர்களுக்குப் பாறைச் சரிவில் இடைஞ்சல் இல்லை.

இந்தப் புள்ளிகளுக்காக ஏன் இவ்வளவு பாடு என்று, நூடிபிராங்க் எனப்படும் இந்த ஓடில்லா நத்தைகளைப் படம் எடுப்பவர்கள் கேட்கமாட்டார்கள். நீலம் படர்ந்த வெண்ணிற உடலும் அதன்மேல் நெடுக ஓடும் கருங்கோடுகளும் குரோமோடோரிஸ் லோக்கிக்கும் உண்டு. இரண்டையும் 1982இல் விவரித்தவர் பில் ரட்மன்; வில்லானிக்கு மெல்லுடலி ஆய்வாளர் ரிச்சர்ட் வில்லானின் பெயரைச் சூட்டினார். களத்தில் இவற்றைப் பிரித்தறிய உதவுவது, வில்லானியின் செவுள் இதழ்களிலும் கொம்பின் மடிப்புகளிலும் ரவையைத் தூவியதுபோல் ஒட்டியிருக்கும் அந்தப் புள்ளிகள்தான். லோக்கியில் அவை இல்லை. ஆகவே புள்ளி தெரியாத வில்லானிப் படம், வண்ணம் எவ்வளவு அழகாக வந்திருந்தாலும், என் கணக்கில் பாதிப் படம்தான்.

தொல்லை முழுவதும் சளியில் இருக்கிறது. நத்தையின் உடலைப் போர்த்தியிருக்கும் சளிப்படலத்தில் ஸ்ட்ரோபின் (நீருக்கடியில் பயன்படும் ஃபிளாஷ்) ஒளி பட்டுத் தெறிக்கும்போது, புள்ளிகளைப் போலவே சின்னச் சின்ன வெள்ளைத் திட்டுகள் உண்டாகின்றன. திரையில் எவ்வளவு பெரிதாக்கிப் பார்த்தாலும் எது நிறமி, எது பளபளப்பு என்று உறுதியாகச் சொல்ல முடிவதில்லை. இதற்கு நான் கடைப்பிடிக்கும் வழி, கேமராவை அசைக்காமல் இடப்புற ஸ்ட்ரோபை மட்டும் இயக்கி ஒரு படம், உடனே வலப்புறத்தை மட்டும் இயக்கி இன்னொரு படம் எடுப்பது. ஒளியின் திசை மாறும்போது பளபளப்பு இடம் மாறிவிடும்; நிறமியோ அதே இதழில் அதே இடத்தில் நிற்கும். இரண்டு படங்களையும் அருகருகே வைத்தால் ஐயம் தீர்ந்துவிடுகிறது. அதன்பின் இரண்டு ஸ்ட்ரோபுகளையும் பக்கவாட்டில் நன்றாக விலக்கி, ஒளியை மென்மையாக்கும் டிஃபியூசர் மாட்டி, வெண்ணுடல் வெளிறிப்போகாதபடி ஒளியை ஒரு ஸ்டாப் (அதாவது பாதியாக) குறைத்து எடுத்தால், புள்ளிகள் உடலின் வெண்மையில் கரையாமல் தனித்துத் தெரிகின்றன. துலாம்பென்னின் எரிமலைக் கருமணல் ஒளியைத் திருப்பி அனுப்புவதே இல்லை என்பதால், சரிவின் அடிப்பகுதியில் எடுத்தால் உடலின் கீழ்ப்பக்கம் கன்னங்கரேலென்று போய்விடும். அங்கே ஒரு ஸ்ட்ரோபைச் சற்றே தாழ்த்தியாக வேண்டும்.

ஒளியைக் குறுகிய கற்றையாக்கும் ஸ்னூட் வைத்துச் செவுள் கொத்துக்குப் பின்னாலிருந்து ஒளி கொடுத்தும் பார்த்தேன். இதழ்களின் விளிம்பு ஒளிரும் அழகு அபாரம்; ஆனால் ஒளிக்கற்றை மிகக் குறுகலாக இருப்பதால், நத்தை ஒரு சென்டிமீட்டர் நகர்ந்தால் மறுபடியும் முதலிலிருந்து குறிபார்க்க வேண்டியிருக்கிறது. நான் இணையத்தில் வாங்கிய ஸ்னூட்டின் பூட்டுத் திருகு உப்புநீரில் விரைவிலேயே துருப்பிடித்து இறுகியது. விற்றவர் மாற்றுத் திருகு அனுப்புவதாகச் சொல்லிக்கொண்டே இருக்கிறார். கடல் சாமான் என்று விற்கும் பொருளில் துருப்பிடிக்காத எஃகுத் திருகு போடக்கூடாதா?

குவியத்தைப் பொறுத்தவரை, கொம்புகள் முன்னாலும் செவுள்கள் பின்னாலும் இருப்பதால், உடல் லென்ஸுக்கு இணையாகக் கிடக்கும் கணத்துக்காகக் காத்திருப்பதைத் தவிர வேறு வழியில்லை. லென்ஸின் துளையை எஃப் 22 வரை சுருக்கினால் கூர்மையாகத் தெரியும் ஆழம் கூடும். ஆனால் என் கேமராவின் சிறிய சென்சாரில் ஒளியின் விளிம்பு விளைவால் (சிறு துளையில் ஒளி வளைந்து பரவுவதால்) புள்ளிகளே மழுங்கிவிடுகின்றன. 60 மி.மீ. மேக்ரோ லென்ஸில் எஃப் 11 அல்லது எஃப் 13 எனக்குப் போதுமானதாக இருக்கிறது. அந்தக் கணம் வரும்வரை அசையாமல் மிதப்பதுதான் கடினம். நம் துடுப்பு எழுப்பும் நீரலையோ சுட்டிக்காட்டும் கோலோ பட்டால், செவுள் கொத்து முழுவதும் உள்ளே இழுக்கப்பட்டுவிடும். அது மீண்டும் விரியும்வரை பொறுத்திருக்க வேண்டும். அழகான பின்னணிக்காக நத்தையைக் கோலால் கிளப்பி வேறு பாறையில் வைக்கும் வழிகாட்டிகளை எனக்குக் கொஞ்சமும் பிடிக்காது. செவுள் சுருங்கிய நத்தையின் படத்தால் அவர்களுக்கும் பயனில்லை, எனக்கும் பயனில்லை. அது மேய்ந்துகொண்டிருந்த கடற்பஞ்சைப் பறிகொடுப்பதுதான் மிச்சம்.

அந்த உணவைப் பற்றி ஒரு பக்கக் குறிப்பு. இதே பேரினத்தின் அன்னே, எலிசபெத்தினா, லோக்கி உள்ளிட்ட ஐந்து இனங்கள், கடற்பஞ்சிலிருந்து பெறும் லாட்ருன்குலின் ஏ என்னும் நச்சைத் தங்கள் மேலுறையின் விளிம்பில் சேமித்து வைப்பதாக 2016இல் வெளியான ஆய்வு காட்டியது. படத்தில் அந்த விளிம்பு கூர்மையாக வர வேண்டும் என்று நான் பிடிவாதம் பிடிப்பதற்கு இதுவும் ஒரு காரணம். 2018இல் வந்த மற்றொரு ஆய்வு, குரோமோடோரிஸ் இனங்களை வண்ணக் கோலத்தை மட்டும் வைத்துப் பிரிப்பது ஏமாற்றிவிடக்கூடும் என்று மரபணுச் சான்றோடு நிறுவியது. எனவே படத்தில் புள்ளி தெரியாதவற்றை நான் லோக்கி என்று பெயரிடாமல், குரோமோடோரிஸ் என்பதோடு நிறுத்திக்கொள்கிறேன்.

அடுத்து, சுருள் நாடாவாக இடப்படும் முட்டைகளோடு சேர்த்து ஒரு படம் வேண்டும்; இந்தோனேசியாவின் சுலவேசியிலுள்ள லெம்பே நீரிணைக்குப் போகும் எண்ணமும் இருக்கிறது. அதற்கு முன் துலாம்பென்னிலேயே செவுள் கொத்தை நேர் மேலிருந்து எடுக்கும் வேலை பாக்கி. அந்தக் கோணத்துக்கு ஸ்ட்ரோபைத் தாங்கும் கைகள் எட்டவில்லை. நீளமான கை ஒன்று வாங்குவதா, குட்டைக் கைகள் இரண்டைக் கவ்வி போட்டு இணைப்பதா என்பதை இன்னும் முடிவு செய்யவில்லை.