கையடக்க எக்கோ: நான்கு கேள்விகள் போதும்

எக்கோ, அதாவது இதய ஸ்கேன், எடுக்கக் கையடக்க அல்ட்ராசவுண்ட் கருவியை நெஞ்சில் வைக்கும் முன்பே, அதனிடம் என்ன கேட்கப் போகிறோம் என்று முடிவு செய்துவிட வேண்டும். இடது கீழறை நன்றாகச் சுருங்குகிறதா? இதயத்தைச் சுற்றி நீர் கோத்திருக்கிறதா? வலது கீழறை பெருத்திருக்கிறதா? உடலின் கீழ்ப்பாதி இரத்தத்தை இதயத்துக்குக் கொண்டுவரும் கீழ்ப்பெருஞ்சிரை புடைத்திருக்கிறதா? இந்த நான்குக்கும் ஓரளவு நம்பகமாகப் பதில் சொல்லும். வால்வு எவ்வளவு குறுகியிருக்கிறது என்று கேட்டால் தடுமாறும். அதை அளக்கும் டாப்ளர் (இரத்தம் பாயும் வேகத்தை அளக்கும் முறை) பல கருவிகளில் கிடையாது.

வாங்கும்போதே ஒரு தவறு நடக்கும். இதயத்துக்கு வேண்டியது விலா எலும்புகளுக்கு இடையே நுழையும் சிறிய முகம் கொண்ட செக்டார் புரோப் (நெஞ்சில் வைக்கும் பகுதிதான் புரோப்), 1 முதல் 5 மெகாஹெர்ட்ஸ் வரை. வயிற்றுக்கான வளைந்த புரோப் விலாமேல் உட்கார்ந்துகொள்ளும். படத்தில் பாதி நிழல்தான் தெரியும். வி-ஸ்கேன் ஏர் என்ற கருவியில் சிஎல் வளைந்த வகை, எஸ்எல் செக்டார் வகை. பட்டர்ஃபிளை என்ற கருவியில் ஒரே புரோப்தான், எல்லா வகைக்கும் உள்ளே இருக்கும் சிப்பே வேலை செய்யும். ஆனால் பிரீசெட்டை (எந்த உறுப்பு என்ற அமைப்பை) இதயத்துக்கு மாற்ற மறந்தால், புரோப்பின் குறி எந்தப் பக்கம் என்று காட்டும் திரைக் குறி வலப்பக்கத்துக்குப் பதில் இடப்பக்கம் நிற்கும், இடமும் வலமும் மாறிப்போகும்.

சிங்கப்பூரில் வீட்டிலேயே உள்நோயாளியாகப் பார்க்கும் சேவை 2024 ஏப்ரலில் வழக்கமான சிகிச்சையாக ஆனபின், இந்தக் கருவி வீவக (அரசு அடுக்குமாடி) வீட்டுப் படுக்கையறைக்குள்ளும் போகிறது. அங்கே முதல் சிக்கல் கட்டில். சுவரை ஒட்டிப் போட்டிருப்பார்கள். நோயாளி இடப்பக்கம் ஒருக்களித்தால்தான் இதயம் விலாவோடு ஒட்டி வரும். அந்த இடப்பக்கத்தில் சுவர் நின்றால் கை எட்டாது. தலையணையைக் கால்மாட்டுக்கு மாற்றிப் படுக்கச் சொல்லுங்கள், வேலை முடிந்தது. பாட்டிகளிடம் தாலிச் சங்கிலியைக் கழற்றச் சொல்ல வேண்டியதில்லை, வலப்பக்கம் ஒதுக்கினால் போதும்.

முதல் காட்சி நெஞ்செலும்பின் இடது ஓரம், 3 அல்லது 4ஆம் விலா இடைவெளி, புரோப் குறி வலத் தோளை நோக்கி. ஆழம் 15 செ.மீ. அளவில் தொடங்குங்கள். மைட்ரல் வால்வின் (இடது மேலறைக்கும் கீழறைக்கும் நடுவே உள்ளது) முன் இதழ் திறக்கும்போது நடுச்சுவரை எவ்வளவு நெருங்குகிறது என்று எம்-மோடில் (ஒரே கோட்டில் நடக்கும் அசைவை நேரத்தோடு வரையும் முறை) பாருங்கள். இடைவெளி 7 மி.மீ.க்கு மேல் போனால் கீழறையின் சுருக்கம் குறைந்திருக்க வாய்ப்பு அதிகம். அயோர்ட்டா (பெருந்தமனி) வால்வு கசிந்தாலோ மைட்ரல் இதழ் இறுகியிருந்தாலோ இந்த அளவை நம்பக்கூடாது. அப்போது இதழ் முழுதாகத் திறக்காததற்குக் காரணம் வேறு. கோடு சாய்வாக வெட்டினாலும் இடைவெளி கூடித் தெரியும்.

இதே காட்சியில் இதயத்துக்குப் பின்னால் வட்டமாகத் தெரிவது இறங்கு அயோர்ட்டா. நீர் அதற்கும் இதயத்துக்கும் நடுவே புகுந்தால் இதய உறையில் இருக்கிறது. அயோர்ட்டாவுக்குப் பின்னால் மட்டும் என்றால் நுரையீரல் உறையில். முன்பக்கம் மட்டும் தெரியும் மங்கலான பட்டை பெரும்பாலும் கொழுப்பு.

அதிகம் ஏமாற்றுவது, இதயத்தின் நுனிப் பக்கமிருந்து பார்க்கும் நுனிக் காட்சிதான். புரோப் ஒரு விலா மேலே நின்றுவிட்டால் கீழறையின் உண்மையான நுனி வெட்டுப்பட்டுப் போகும். நீண்ட அறை குட்டையாக, உருண்டையாக, அருமையாகச் சுருங்குவதுபோல் தெரியும். பலவீனமான இதயத்தை "நார்மல்" என்று எழுதவைக்கும் தவறு இதுதான். நுனி தானே உள்ளே குதித்து வந்தால் சந்தேகப்படுங்கள். ஒரு விலா கீழே, இன்னும் கொஞ்சம் வெளிப்புறம் போங்கள்; "பாட்டி, மூச்சை விட்டுட்டு அப்படியே நிறுத்துங்க" என்று கேளுங்கள். சரியாக வந்த படத்தில் வலது கீழறை இடதில் மூன்றில் இரண்டு பங்குதான் இருக்கும். சமமாகவோ பெரிதாகவோ இருந்தால் பெருத்திருக்கிறது.

புகைத்துப் புகைத்து நுரையீரல் உப்பியவர்களுக்கு இந்த இரண்டு காட்சியும் கிடைக்காமல் போகலாம். நேரம் வீணாக்காமல் விலா அடிக்கு வாருங்கள்: மல்லாந்து, முழங்கால் மடக்கி, மூச்சை இழுத்துப் பிடித்து, ஆழத்தைக் கூட்டி. அங்கிருந்தே குறியைத் தலைப்பக்கம் திருப்பினால் கீழ்ப்பெருஞ்சிரை. மேலறையில் சேரும் இடத்திலிருந்து 2 செ.மீ. தள்ளி அளக்க வேண்டும். 2.1 செ.மீ.க்கு மேல் இருந்து, மூக்கால் உறிஞ்சும்போது பாதிகூடச் சுருங்கவில்லை என்றால் வலது மேலறையின் அழுத்தம் கூடியிருக்கிறது. புரோப் பக்கவாட்டில் நழுவினாலும் சிரை சுருங்கியதுபோலவே தெரியும். ஆகவே கல்லீரல் சிரை வந்து சேர்வதும் மேலறைக்குள் நுழைவதும் ஒரே படத்தில் தெரிகிறதா என்று பாருங்கள். பக்கத்தில் ஓடும் அயோர்ட்டாவையே அளந்தவர்களும் உண்டு!

கருவி சூடாகும், நடுவில் அணைந்தும் போகும். ஒவ்வொரு காட்சிக்கும் இடையே ஃப்ரீஸ் போட்டுப் படத்தை நிறுத்துங்கள். ஜெல்லைக் காயவிடாமல் துடையுங்கள். தயாரிப்பாளர் அனுமதித்த துடைப்பான் மட்டுமே, கண்ட கிருமிநாசினியும் லென்ஸைக் கெடுக்கும்.

முழு எக்கோவுக்கு அனுப்பும் கடிதத்தில் கிடைக்காத காட்சியையும் எழுதுங்கள். இப்படி: "நுனிக் காட்சி கிடைக்கவில்லை, நுரையீரல் மறைத்தது. விலா அடியிலிருந்து பார்த்ததில் இடது கீழறைச் சுருக்கம் குறைவு. உறையில் நீர் இல்லை. வால்வுகள் மதிப்பிடப்படவில்லை."