குசினிக்குள் சைக்கிள் நிற்கிறது

2017இல் யாழ்ப்பாணத்து வலி வடக்கில் (வலிகாமம் வடக்கு) எங்கட பக்கக் காணிகளை ஆமி திருப்பி விட்டபோது, அடுத்த தைக்குப் பால் காய்ச்சலாம் என்று நம்பினேன். 3 வருசம் எடுத்தது.

1990இல் விட்டுவிட்டு ஓடின இடம். உள்ளே போனால் வீடுமில்லை, வேலியுமில்லை, ஒழுங்கையுமில்லை. எங்கட காணி எது என்று அம்மாவுக்கே பிடிபடவில்லை. பற்றைக்குள் ஒரு கிணறு. கிணற்றுக் கட்டின் சீமெந்தில் அப்பு ஆணியால் கீறின ‘1968’. அதை வைத்துத்தான் நில அளவையாளர் எல்லை பிடித்தார். துப்புரவாக்க வரும் பெக்கோ இயந்திரக்காரர் கிணற்றை மூடிவிடவா என்று கேட்பார். விடாதீர்கள்!

காணி உறுதிப் பத்திரம் இடம்பெயர்வில் போய்விட்டது. பிரதி எடுக்க, உறுதி எழுதின நொத்தாரிசின் பெயர் வேண்டும். பெரியம்மாவின் சீதன உறுதியை எழுதினவர்தான் அம்மாவுக்கும் எழுதினவர் என்று நூல் பிடித்துப் போய் எடுத்தோம்.

பிறகுதான் வீட்டுத்திட்டத்துக்குப் பதியக் கந்தோர் அலைச்சல். படிவத்தில் குடும்பத் தலைவர் காலமான அப்பா, காணியோ அம்மாவின் பெயரில். “ஐயாவின்ர பேரில காணி இல்லையே அம்மா” என்று ஒரு தம்பி மூன்று தரம் திருப்பி அனுப்பினார். நான்காம் தரம் பக்கத்து மேசை அக்கா நிமிர்ந்து, “தேசவழமையில சீதனம் பொம்பிளையின்ர சொத்து, பதியும் தம்பி” என்றார். தேசவழமை எங்கட யாழ்ப்பாணத்து வழமைச் சட்டம். ஐந்து நிமிச வேலை. அப்பாவின் மரணச் சான்றிதழை முதல் நாளே கொண்டுபோங்கள்.

அரசாங்க வீட்டுத்திட்டக் காசு அப்போது 8 இலட்சம், கட்டம் கட்டமாக. காட்டின படம் 550 சதுர அடி: இரண்டு அறை, ஒரு ஹோல், உள்ளே குசினி. நாற்சார் வீட்டில் வளர்ந்த அம்மா கேட்டது ஒரு விறாந்தையும் புறம்பான அடுப்படியும்தான். விறாந்தைக்கென்று அத்திவாரத்தை 4 அடி நீட்டினோம். படத்தில் இல்லை என்று அடுத்த கட்டக் காசு இரண்டு மாதம் நின்றுபோனது. முதலில் படத்தில் உள்ளதைக் கட்டி முடியுங்கள். ஆசைகளைக் கடைசிக் காசு கைக்கு வந்த பிறகு இறக்குங்கள்.

கல்வீடாவது கிடைத்ததே. அதற்கு முதல் 65,000 இரும்பு வீடுகளை வடக்கு கிழக்கில் இறக்கக் கொழும்பு முடிவெடுத்திருந்தது. இந்த வெயிலுக்கும் உப்புக் காற்றுக்கும் இரும்பா என்று எங்கட ஆட்கள் எதிர்த்து நின்றதால் தப்பினோம். கீரிமலைப் பக்கம் போனால், சனத்தை உள்ளே விடாத காலத்தில் எழும்பின ஜனாதிபதி மாளிகையைப் பார்க்கலாம். அதற்கு யார், எந்தக் கந்தோரில், எத்தனை படிவம் நிரப்பினார்களோ!

அம்மா பின்வளவில் கிடுகு போட்டு அடுப்படி இறக்கிவிட்டார். படத்தில் இருந்த குசினிக்குள் இப்போது தம்பியின் சைக்கிள் நிற்கிறது.