பதினோரு முறை டாக்டர்

சிங்கப்பூர் தேக்கா சந்தையில் கொடுவா மீன் வாங்கிக்கொண்டிருந்தேன். பக்கத்தில் நின்ற அம்மா உற்றுப் பார்த்துவிட்டு, "டாக்டர் தம்பிதானே? எந்த கிளினிக்ல இருக்கீங்க?" என்றார்.

துவாஸ் கிடங்கொன்றில் நான் ஸ்டோர்கீப்பர். தமிழ்த் தொடர்களில் மட்டும் பதினோரு முறை டாக்டர். அதில் பாதிக்கு மேல் ஒரே வசனம்தான்: "எங்களால முடிஞ்சதைச் செஞ்சுட்டோம்."

2003இல், தொலைக்காட்சி நிலையம் இருந்த ஆண்ட்ரூ ரோட்டின் கால்டிகாட் குன்றில் நடிக்கத் தொடங்கினேன். மேடேறிப் போவதற்குள் சட்டை நனைந்துவிடும். தமிழ் நிகழ்ச்சிகளுக்கு அப்போது சென்ட்ரல் ஒளிவழியில் சில மணி நேரம்தான். 2008 அக்டோபரில் வசந்தம் தனி ஒளிவழியானதும் அழைப்புகள் கூடின. ஆனாலும் விடுப்பு எடுத்துத்தான் நடிக்கப் போவேன். 2020 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி குடியிருப்பாளர்களில் வீட்டில் அதிகம் தமிழ் பேசுவோர் 2.5 விழுக்காடு. இந்தக் கூட்டத்தை நம்பிக் கதாநாயகனே வேறு வேலை பார்க்கும்போது டாக்டர் எம்மாத்திரம்!

எங்கள் வேலையில் பெரும்பகுதி காத்திருப்பது. மீதி, செய்ததையே பிசகாமல் திரும்பச் செய்வது. ஸ்டெதஸ்கோப்பை முதல் ஷாட்டில் வலக்கையில் பிடித்திருந்தால் கடைசிவரை வலக்கைதான்.

ஒருமுறை அடுக்குமாடி வீடொன்றில் படப்பிடிப்பு. கணவன் இறந்த செய்தியை மனைவியிடம் நான் சொல்ல வேண்டும். என் பக்கம் கேமரா இருந்தபோது பழைய சாமான் வாங்கும் காராங் குனிக்காரரின் ஹாரன் இரண்டு டேக்கைக் கெடுத்தது. மூன்றாவதில் அவசரமாக ஒப்பித்து முடித்தேன். பிறகு கேமரா அந்த நடிகையின் முகத்துக்குப் போனது. என் தோள்பட்டை மட்டும் ஓரத்தில். இனி என்னை யார் பார்க்கப்போகிறார்கள் என்ற நிம்மதியில், என் அப்பா போன அன்று நர்ஸ் எங்களிடம் பேசிய மாதிரி, குரலை இறக்கி, நிறுத்தி நிறுத்திச் சொன்னேன். அந்தப் பெண்ணுக்கு நிஜமாகவே கண்ணீர் வந்துவிட்டது. இயக்குநர் "கட்" சொல்லச் சற்று நேரமானது.

ஒளிபரப்பில் அந்த நடிகையின் அழுகை அப்படியே வந்தது. வசனத்துக்கு மட்டும் என் அவசர டேக்கின் குரலையே வைத்திருந்தார்கள். என் அம்மா பார்த்துவிட்டு, "ஏன்டா, பஸ்ஸைப் பிடிக்கிற மாதிரி பேசுற?" என்றார்.

மீன்காரர் சில்லறை கொடுத்தார். அந்த அம்மா இன்னும் நின்றுகொண்டிருந்தார். "ராத்திரியில முட்டி ரொம்ப வலிக்குது தம்பி."

"அரசாங்க பாலிகிளினிக்ல ஒருதடவை காட்டிடுங்கம்மா" என்றேன், குரலை இறக்கி, நிறுத்தி நிறுத்தி.