அமிலமும் இறக்கையும்: பி-15 ஏவுகணையோடு பழகிய நாட்கள்

சோவியத் ஒன்றியத்திடமிருந்து இந்தியக் கடற்படை வாங்கிய 8 ஓசா வகை ஏவுகணைப் படகுகள் 1971-இல் நம் கரைக்கு வந்து சேர்ந்தன. அதற்கு முன்பே பயிற்சிக்காக விளாடிவோஸ்டோக் துறைமுகத்துக்கு அனுப்பப்பட்ட மாலுமிகளில் நானும் ஒருவன். படகில் செல்லும் குழுவில் எனக்கு இடம் கிடைக்கவில்லை. அப்படகுகள் சுமக்கும், கப்பல்களைத் தாக்கும் பி-15 ஏவுகணையைச் சோதித்து, எரிபொருள் நிரப்பி, படகில் ஏற்றிக் கொடுக்கும் கரைக் குழுவில் சேர்க்கப்பட்டேன். அன்று அது எனக்கு வருத்தமாக இருந்தது. ஆனால் அந்த ஏவுகணையின் வடிவமைப்பை அணுவணுவாக அறியும் வாய்ப்பு அந்த வேலையில்தான் இருந்தது.

முதலில் ரஷ்ய மொழியைக் கற்றுத் தேற வேண்டியிருந்தது. குறிப்பேடுகளும் கருவிகளின் மேல் எழுதியிருந்தவையும் ரஷ்ய மொழியிலேயே இருந்தன. நாங்கள் முதலில் மனப்பாடம் செய்த சொற்கள் இரண்டு: எரிபொருளைக் குறிக்கும் ‘கர்யூச்செயெ’, அதை எரியச் செய்யும் நைட்ரிக் அமிலத்தைக் குறிக்கும் ‘அகிஸ்லீத்தெல்’. இவ்விரண்டும் ஒன்றையொன்று தொட்ட கணத்தில், தீப்பொறி எதுவும் இல்லாமலே பற்றிக்கொள்ளும். ஆகவே இச்சொற்களில் தடுமாறும் ஒருவரையும் நிரப்பும் தளத்துக்குள் விடமாட்டார்கள்.

ஏவுகணையை முதன்முதலில் கண்டபோது, ஆளில்லாத சிறு போர் விமானம் ஒன்று நிற்பதாகவே தோன்றியது. நீளம் 5.8 மீட்டர், எடை இரண்டு டன்னுக்கு மேல். பருத்த உடல், முக்கோண இறக்கைகள், வாலில் மூன்று துடுப்புகள், வயிற்றுக்கடியில் புறப்பாட்டுக்கான திட எரிபொருள் பூஸ்டர். 1950-களின் நடுவில் அலெக்சாந்தர் பெரெஸ்னியாக் தலைமையில் இதன் வடிவமைப்பு தொடங்கி, 1960-இல் இது சேவைக்கு வந்தது. எஞ்சினை வடிவமைத்தது அலெக்சேய் இசாயெவின் குழு. இவ்விருவரும் 1942-இல் முதன்முதலாகப் பறந்த பி.ஐ. ராக்கெட் விமானத்தை உருவாக்கியவர்கள். அதுவும் நைட்ரிக் அமிலத்தின் துணையோடு பறந்ததுதான். ஒரு வடிவமைப்பாளர் இளமையில் பழகிய பொருள் பல ஆண்டுகள் கழித்தும் அவரைவிட்டு நீங்குவதில்லை என்று எனக்குத் தோன்றும்.

எங்களுக்கு வந்த முதல் வகையில் இறக்கைகள் மடங்காதவை. அதனால்தான் படகின் மேல்தளத்தில் நான்கு பெரிய பெட்டிகள், வண்டிக்கொட்டகை போல இடத்தை அடைத்துக்கொண்டு நின்றன. பின்னாளில் இறக்கையை மடக்கும் வசதி வந்ததும், பெட்டிகளின் இடத்தைச் சிறிய உருளைக் கூடுகள் பிடித்தன. ஒரு கீலைச் சேர்த்ததால் படகின் தோற்றமே மாறிப்போனது.

நிரப்பும் பயிற்சியின் ஒரு காலைப்பொழுதை நான் மறந்ததில்லை. ரப்பர் உடையும் முகமூடியும் கனத்த கையுறையும் அணிந்து, அமிலக் குழாயின் இணைப்பை நான்தான் முறுக்கினேன். மரை சரியாக அமர்ந்துவிட்டது என்று நினைத்து, தொடரலாம் என்று கையைக் காட்டிவிட்டேன். அழுத்தம் ஏறியதும் இணைப்பின் ஓரத்தில் ஒரு துளி திரண்டு, என் கையுறையின் மேல் விழுந்தது. அதிலிருந்து செம்பழுப்பு நிறப் புகை நூல் போல எழுந்தது. பயிற்றுநர் “ஸ்தோய்!” என்று ஒரே சொல்லில் அனைவரையும் நிறுத்தி, என் கையைப் பிடித்து வாளித் தண்ணீரில் அழுத்தினார். ரப்பர் காப்பாற்றியது, மணிக்கட்டில் மட்டும் ஒரு மஞ்சள் தழும்பு சில வாரங்கள் இருந்தது. அன்று மாலை அதே இணைப்பை இருபது முறை கழற்றி மாட்டச் சொன்னார்கள். அது தண்டனையாக எனக்குப் படவில்லை, தேவையாகவே பட்டது.

அமிலத்தின் வேகம் நிரப்புவதோடு முடிவதில்லை. அது தான் இருக்கும் தொட்டியையே மெல்ல அரிப்பதால், நிரப்பிய ஏவுகணையைக் காலவரையின்றிக் காத்திருக்க வைக்க முடியாது. நீண்ட நேரம் எரிந்து ஏவுகணையை 40 கிலோமீட்டர் கொண்டுசெல்லும் ஆற்றலுக்காக, வடிவமைப்பாளர்கள் கொடுத்த விலை இதுதான். அந்த விலையைக் கரையிலிருந்த நாங்கள் செலுத்தினோம்.

வழிகாட்டும் முறை எங்களுக்கு வியப்பளித்தது. படகின் ரேடார் இலக்கின் திசையையும் தொலைவையும் கண்டு கொடுக்க, தானோட்டி ஏவுகணையை நேர்கோட்டில் கொண்டுசெல்லும். இறுதிக் கட்டத்தில் மூக்கிலுள்ள சிறு ரேடார் விழித்து, தானே இலக்கைத் தேடிப் பிடிக்கும். ஏவியபின் படகு திரும்பிவிடலாம். தன் உயரத்தை ஏவுகணை அறிந்தது காற்றழுத்தத்தைக் கொண்டு. அழுத்தமானி கடலை நேரில் உணர்வதில்லை என்பதால் அலைகளை ஒட்டிப் பறக்கத் துணிய முடியாது. 100 மீட்டருக்குக் குறையாமல் பறக்க வேண்டியிருந்தது. அலையை நேரடியாக அளக்கும் ரேடியோ உயரமானி பிந்திய வகைகளில்தான் வந்தது. ஆனாலும் 1967 அக்டோபர் 21 அன்று போர்ட் சையது அருகே, எகிப்தியப் படகுகள் ஏவிய இதே பி-15 ஏவுகணைகள் இஸ்ரேலின் ஐலத் கப்பலை மூழ்கடித்திருந்தன. ஏறத்தாழ அரை டன் எடையுள்ள வெடிமுனை ஒரு போர்க்கப்பலை என்ன செய்யும் என்பதைப் பயிற்சி வகுப்பில் கேட்டபோது, அறையில் யாரும் பேசவில்லை.

பாகிஸ்தானுடன் போர் நெருங்கிய 1971 நவம்பரில் மும்பையில், எந்த ஏவுகணையை எந்த நாளில் நிரப்புவது என்ற கணக்கே எங்கள் இரவுகளை விழுங்கியது. முன்கூட்டி நிரப்பினால் அரிப்பு. தாமதித்தால் படகு வெறுங்கையோடு நிற்கும். டிசம்பர் 4 இரவு நிபாத், நிர்கட், வீர் ஆகிய மூன்று படகுகளும் கராச்சிக்கு அப்பால் தாக்கி, கைபர், முஹாபிஸ் ஆகிய பாகிஸ்தானியப் போர்க்கப்பல்களை மூழ்கடித்தன. செய்தி வந்தபோது என் மனம் முதலில் சென்றது நான் முறுக்கிய இணைப்புகளிடம். அடுத்ததாக, அந்தக் கப்பல்களில் இருந்த மாலுமிகளிடம். அவர்களும் என் வயதினரே.

ஏவப்படாத ஏவுகணைகள் படகுகளோடு திரும்பி வந்தன. அவற்றிலிருந்து முதலில் அமிலத்தை வடித்து, தொட்டியை நீரால் பலமுறை கழுவி உலர்த்தினோம். பின்னர் எரிபொருளை வடித்தோம். கடைசித் தொட்டியைத் திறந்து விளக்கடித்துப் பார்த்தபோது, உட்சுவரில் புள்ளி புள்ளியாக அரிப்பு தொடங்கியிருந்தது. அதைப் பதிவேட்டில் எழுதிவிட்டு, கையுறையைக் கழற்றினேன்.