விண்வளையைத் தொலைத்தவர்கள்

கேம் ஸ்டுடியோவில் கதை எழுதுவது என் வேலை. வசனம், குவெஸ்ட் (ஆட்டக்காரருக்குக் கொடுக்கும் பணி), பொருட்களுக்கான இரண்டு வரிக் குறிப்பு, அந்த உலகத்தின் வரலாறு எல்லாம் அதில் அடக்கம். இதுவரை எழுதியவற்றில் என்னை அதிகம் யோசிக்க வைத்தது விண்வளைதான். இரண்டு நிலவுகள் உள்ள ஒரு கற்பனை உலகம். அதில் சின்ன நிலவை அதன் பாதையில் பிடித்து வைத்திருக்கும் ஓர் உலோக வளையம், பல தலைமுறைகளுக்கு முன்பே தொலைந்துவிட்டது, ஆட்டக்காரர் அதைத் தேடிப் போக வேண்டும். என்னிடம் வந்தபோது கதை இவ்வளவுதான், கூடவே ‘பிரபஞ்ச சக்தி கொண்டது’ என்று ஒரு வரி.

அந்த ஒரு வரியோடுதான் மல்லுக்கட்டினேன். மலையைப் பிளக்கும், காலத்தை நிறுத்தும், நட்சத்திரத்தை அணைக்கும் என்று அடுக்கிக்கொண்டே போகலாம், அடுக்க அடுக்க அது வெறும் பேச்சாகிவிடும். இப்படி எத்தனையோ மணிகளையும் வாள்களையும் ஆட்டக்காரர்கள் பார்த்துவிட்டார்கள். அதனால் வேறு பக்கத்திலிருந்து தொடங்கினேன்: இந்த வளையம் தொலைந்ததால், விடிந்ததும் எழுந்து வேலைக்குப் போகிற ஒருவருக்கு என்ன மாறியது?

இதற்குப் பதில் இயற்பியலிலேயே இருந்தது. நம் நிலாவே ஆண்டுக்கு ஏறத்தாழ 3.8 சென்டிமீட்டர் விலகிப் போய்க்கொண்டிருக்கிறது. 1969-ல் அப்போலோ 11 குழு அங்கே வைத்துவிட்டு வந்தது போன்ற பிரதிபலிப்பான்கள் மீது லேசரை அடித்து இதை அளக்கிறார்கள். எங்கள் உலகத்தில் பிடி விட்டுப்போன சின்ன நிலவு இதைவிடப் பல மடங்கு வேகமாக விலகுகிறது என்று வைத்துக்கொண்டேன். ஒரு நிலவு கடலில் எழுப்பும் ஓதத்தின், அதாவது கடல்நீர் ஏறி இறங்குவதன், வலு தூரத்தின் மும்மடிக்கு ஏற்பக் குறையும், அதாவது தூரம் இரண்டு மடங்கானால் ஓதம் எட்டில் ஒரு பங்காகிவிடும். அந்த நிலவு ஒரு சுற்றுச் சுற்றி வர எடுக்கும் காலமோ ஏறத்தாழ 2.8 மடங்காகும். இந்த இரண்டு கணக்குகள் கிடைத்ததும் மற்றதெல்லாம் தானாக வரத் தொடங்கியது. இரு நிலவும் ஒரே நேர்கோட்டில் வரும் நாளில் மேட்டுப் பாத்திவரை ஏறிய கடல்நீர் இப்போது ஏறுவதில்லை. உப்பளத்துக்காரர்கள் குடத்தில் சுமந்து ஊற்றுகிறார்கள். படகுத்துறையின் படிகள் காய்ந்து, தண்ணீரை எட்டாமல் நிற்கின்றன. சின்ன நிலவை வைத்து மாதம் கணக்கிட்ட கோயில்களில் திருவிழா மழைக்காலத்துக்குள் நகர்ந்துவிட்டது, ஆனாலும் பழைய பஞ்சாங்கத்தை மாற்ற யாருக்கும் மனம் வரவில்லை. இவர்களில் ஒருவர்கூட விண்வளை என்ற சொல்லை உச்சரிக்கத் தேவையில்லை. முதல் சில மணி நேர ஆட்டத்தில் அந்தப் பெயரே வரக்கூடாது என்று கேட்டு வாங்கினேன். லெவல் டிசைனர்தான் இதைப் பிடித்துக்கொண்டு, பாறைகளில் பழைய நீர்மட்டத்தின் வெள்ளைக் கோட்டைத் தலைக்கு மேலே வரைந்து வைத்தார். நான் எழுதிய பல பக்கங்கள் செய்யாத வேலையை அந்தக் கோடு செய்தது.

தோற்றம் பற்றியும் ஒரு வாக்குவாதம் நடந்தது. ஓவியக் குழுவின் முதல் வடிவம் நீல ஒளி வீசும் கண்ணாடி வளையம். அழகாகத்தான் இருந்தது. நான் கேட்டது, கையில் எடுத்தவர் அது என்னவென்று தெரியாமல் கீழே வைத்துவிடக்கூடிய ஒரு பொருள். 1901-ல் கிரேக்கத்தின் ஆன்டிகைதெரா தீவருகே கடலடியிலிருந்து எடுத்த வெண்கலக் கருவியின் படத்தைக் காட்டினேன். பார்க்கத் துருப்பிடித்த கட்டி, ஆனால் உள்ளே பற்சக்கரங்கள், 223 சாந்திர மாத (அமாவாசையிலிருந்து அடுத்த அமாவாசை வரை ஒரு மாதம்) சுழற்சியை வைத்துக் கிரகணத்தை முன்கூட்டியே சொல்லும் முகப்பு. துட்டன்காமன் உடலோடு இருந்த கத்தியையும் காட்டினேன், அதன் அலகு விண்கல் இரும்பு என்பதை 2016-ல் வெளியான ஆய்வு உறுதிசெய்தது. வானத்திலிருந்து விழுந்த உலோகம் மனிதர் கையில் ஆயுதமாகவே இருந்திருக்கிறது என்றால், ஒளி வீசும் கண்ணாடி எதற்கு? கடைசியில் விண்வளை கருத்த இரும்பாக, ஓரத்தில் கைப்பிடித் தேய்மானத்தோடு வந்தது.

அப்புறம், அது எப்படித் தொலைந்தது என்ற கேள்வி. தீய அரசன் திருடினான் என்பது முதல் திட்டம். எனக்கு ஏனோ மணிமேகலைக் காப்பியத்தில் வரும் அமுதசுரபி நினைவுக்கு வந்துகொண்டே இருந்தது. அள்ள அள்ளக் குறையாத அந்தப் பாத்திரத்தை யாரும் திருடவில்லை. இந்திரன் மழையைப் பெய்வித்து நாட்டைச் செழிக்க வைத்தான், பசித்தவரே இல்லாமல் போனார்கள். அதை வைத்து ஊருக்குச் சோறிட்ட ஆபுத்திரன் ஆளில்லாத மணிபல்லவத் தீவில் தனியாக மாட்டிக்கொண்டு, கொடுக்க ஆளில்லாத பாத்திரத்தைக் கோமுகிப் பொய்கையில் விட்டுவிட்டு உண்ணாமல் உயிர் துறந்தான். ஒரு பொருளின் சக்தி துளியும் குறையாமல், அதற்கான தேவை மட்டும் போய்விடுவது எந்தத் திருட்டையும் விட என்னைப் பாதிக்கிறது. எங்கள் கதையிலும் காவலர்களே வளையத்தைக் கைவிட்டார்கள் என்று மாற்றினோம். கடலோர ஊர்கள் ஓதத்தில் அழிந்துகொண்டிருந்த காலத்தில், நிலவைக் கொஞ்சம் தள்ளிப் போகவிட்டால் போதும் என்று நினைத்துச் செய்தார்கள்.

இந்த மாற்றம் முடிவையும் மாற்றிவிட்டது. வளையம் கிடைத்ததும் நிலவு பழைய இடத்துக்குத் திரும்பும், எல்லோரும் கொண்டாடுவார்கள் என்பது தயாரிப்பாளரின் எதிர்பார்ப்பு. ஆனால் கடல் விட்டுப்போன கீழ்க்கரையில் இதற்குள் தலைமுறை தலைமுறையாக வீடு கட்டி, கிணறு வெட்டி, பிள்ளை பெற்றவர்கள் இருக்கிறார்களே, நிலவு திரும்பினால் அவர்கள் மூழ்குவார்கள். இதைச் சொன்னபோது கூட்டத்தில் முதலில் தயக்கம்தான், பிறகு ப்ரோகிராமர் ஒருவர் “சரி, ரெண்டு முடிவும் வைப்போம், தண்ணி எவ்வளவு ஏறும்ங்கிற கணக்கு ஏற்கெனவே இருக்கு” என்றார்.

ப்ளேடெஸ்ட்டில், அதாவது வெளியிடும் முன் ஆட்களை விளையாட வைத்துப் பார்க்கும் சோதனையில், சிலர் வளையத்தைக் கையில் வைத்துக்கொண்டே கீழ்க்கரைக்குத் திரும்பி நடந்தார்கள். அங்கே குவெஸ்ட் எதுவும் வைத்திருக்கவில்லை. அவர்கள் சும்மா வீடு வீடாகப் போய்ப் பேசிப் பார்த்தார்கள். அந்தப் பதிவுகளைப் பார்த்த பிறகு கீழ்க்கரை ஆட்களுக்குப் புதிதாக வசனம் எழுத அனுமதி கேட்டேன், கிடைத்தது. எது நல்ல முடிவு என்று கேம் எந்த இடத்திலும் சொல்லக்கூடாது என்பதில் மட்டும் நான் விட்டுக்கொடுக்கவில்லை. உப்பளத்துப் பாட்டி கேட்கும் நியாயத்துக்கும் கீழ்க்கரையில் கிணறு வெட்டியவர் கேட்கும் நியாயத்துக்கும் ஒரே அளவு இடம் கொடுத்து எழுதினேன்.