மின்சார பில்லோடு வருகிறவர்கள்

சிங்கப்பூரில் எங்கள் குடும்பச் சேவை நிலையத்துக்கு வருகிற பெண்களில், "வீட்டுக்காரர் அடிக்கிறார்" என்று சொல்லிக்கொண்டே உள்ளே வருகிறவர்கள் குறைவு. மின்சார பில் கட்ட முடியவில்லை, பாலர் பள்ளிக் கட்டணம் பாக்கி நிற்கிறது, அரசின் காம்கேர் நிதியுதவிக்கு எப்படி எழுதிப்போடுவது, மகன் பள்ளிக்கூடம் போக மாட்டேன் என்கிறான். இப்படித்தான் ஆரம்பிக்கும். கையில் ஒரு பிளாஸ்டிக் உறை, அதற்குள் மடித்த காகிதங்கள். வருமானத்தைப் பற்றிக் கேட்கும்போதுதான் முதல் நெருடல் வரும்.

"வீட்டுக்காரருக்குச் சம்பளம் எவ்வளவும்மா?"

"தெரியாதுக்கா."

"உங்க பேங்க் கணக்குல எவ்வளவு இருக்கு?"

"கார்டு அவர்கிட்ட இருக்கு."

"சரி, சிங்பாஸ்?"

"அதுவும் அவர் போன்லதான்."

சிங்பாஸ் என்பது அரசுச் சேவைகளுக்கான மின்னிலக்க அடையாளம். இந்த மூன்று பதில்களும் ஒருசேர வந்தால் படிவத்தை ஓரமாக வைத்துவிட்டு வேறு பேச்சுப் பேசுவேன். ஊர் எது, பிள்ளைகள் எத்தனை, தேக்காவுக்கு, அதாவது லிட்டில் இந்தியா பக்கம், போய் எவ்வளவு நாளாகிறது. கடைசிக் கேள்வியைச் சும்மா கேட்பதில்லை. இங்கே வாழ்கிற ஒரு தமிழ்ப் பெண் மாதக்கணக்கில் தேக்கா பக்கமே போகவில்லை, கோயிலுக்கும் போகவில்லை என்றால், அவளுக்கு விருப்பமில்லை போலும் என்று நான் எடுத்துக்கொள்வதில்லை. போக விடவில்லையோ என்றுதான் முதலில் தோன்றும்.

சமூக ஊழியராகப் பல வருடங்கள் ஓடிவிட்டன. (இங்கே நான் சொல்கிற யாரும் தனி ஆள் இல்லை. பலருடைய கதையைக் கலந்து, அடையாளம் தெரியாதபடி மாற்றித்தான் எழுதுகிறேன்.) இத்தனை வருடத்தில் எனக்குப் புரிந்த ஒன்று, அடி என்பது இந்த விஷயத்தில் ஒரு பகுதி மட்டுமே. பல வீடுகளில் அது எப்போதாவதுதான் விழும். ஒரு தடவை விழுந்துவிட்டால் அப்புறம் ஒரு பார்வையே அந்த வேலையைச் செய்துவிடும். மற்றதையெல்லாம் அட்டைகளும் கடவுச்சொற்களும் கையெழுத்துகளும் பார்த்துக்கொள்கின்றன.

எல்லாமே கைபேசிக்குள் வந்துவிட்ட சிங்கப்பூரில் இது இன்னும் சுலபம். மத்திய சேம நிதி, வீடமைப்பு வளர்ச்சிக் கழகம், வருமான வரி என்று எதற்கும் சிங்பாஸ் வேண்டும். அது யார் கையில் இருக்கிறதோ அவர் கையில்தான் குடும்பம். எங்களைப் பார்க்க வருகிற ஒரு பெண் எப்போதும் இரண்டு நிறுத்தம் முன்னாலேயே இறங்கி நடந்து வருவாள். அவளுடைய பயண அட்டையைக் கணவர் தன் சிம்பிளிகோ என்கிற பயணக் கட்டணச் செயலியில் சேர்த்து வைத்திருந்தார். எங்கே ஏறினாள், எங்கே இறங்கினாள் என்பது அவருக்குத் தெரிந்துவிடும். அந்த நிறுத்தத்தின் பக்கத்தில் ஒரு ஃபேர்பிரைஸ் பேரங்காடி இருந்தது. வீடு திரும்பும்போது கையில் ஒரு ரொட்டிப் பாக்கெட்டாவது இருக்க வேண்டும், ரசீதோடு. இதையெல்லாம் அவள் அழாமல், கணக்கு ஒப்புவிக்கிற மாதிரி நிதானமாகச் சொன்னாள். இப்படித் திட்டம் போடத் தெரிந்தவளைத்தான் அவள் சொந்தக்காரர்கள் "ஒண்ணும் தெரியாத பொண்ணு" என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

தமிழ்நாட்டிலிருந்து திருமணமாகி வருகிறவர்களிடம் நான் அதிகம் கேட்ட மிரட்டல் ஒன்று உண்டு: "பாஸைக் கேன்சல் பண்ணிடுவேன்." சிங்கப்பூரரை மணந்து நீண்டகால வருகை அனுமதியில் இருப்பவர்களுக்கு, அதைப் புதுப்பிக்கக் கணவரின் கையெழுத்து வேண்டும். எம்ப்ளாய்மென்ட் பாஸ் அல்லது எஸ் பாஸில் வேலை பார்ப்பவரின் மனைவியாகச் சார்ந்திருப்போர் அட்டையில் வந்தவர்களுக்குக் கணவருடைய வேலை போனால் அட்டையும் போய்விடும். ஆகவே இது வெற்று மிரட்டல் இல்லை. ஆனால் அவர் சொல்கிற அளவுக்கு முழு உண்மையும் இல்லை. அனுமதி தருவது குடிநுழைவு ஆணையம், கணவர் இல்லை. வீட்டில் வன்முறை நடக்கிறது, சிங்கப்பூர்க் குழந்தை இருக்கிறது என்றால் நாங்கள் கடிதம் எழுதுவோம், ஆணையம் ஒவ்வொரு மனுவையும் தனியாகப் பார்க்கும். கட்டாயம் கிடைக்கும் என்று யாருக்கும் நான் வாக்குக் கொடுத்ததில்லை. "நாளைக்கே விமானத்தில் ஏற்றிவிடுவார்கள்" என்று நினைத்துக்கொண்டு தூங்காமல் இருக்கிறவளுக்கு, அப்படி இல்லை என்று தெரிவதே பெரிய விஷயம். வன்முறை செய்யக் கூடாது என்று நீதிமன்றம் போடுகிற பாதுகாப்பு ஆணையைக் கேட்கக் குடியுரிமை தேவையில்லை என்பதும் பலருக்குத் தெரிவதில்லை.

இந்த இடத்தில் நம்மவர்கள் செய்கிற ஒரு காரியத்தைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். பஞ்சாயத்து. மாமா, சித்தப்பா, கோயில் கமிட்டியில் இருக்கிற பெரியவர் என்று நாலு பேர் வரவேற்பறையில் உட்கார்ந்து, இரண்டு பேரையும் எதிரெதிரே வைத்து, "நீயும் கொஞ்சம் அனுசரிச்சுப் போம்மா, நீயும் கை நீட்டாதே தம்பி" என்று சொல்லி, டீ குடித்துவிட்டுக் கிளம்புவார்கள். நல்ல எண்ணத்தில்தான் செய்கிறார்கள், எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் அவர்கள் மின்தூக்கியில் இறங்கிப் போன பிறகு அந்த வீட்டில் என்ன நடக்கும்? அவள் வெளியே என்னென்ன சொல்லியிருக்கிறாள், யாரிடம் சொல்லியிருக்கிறாள் என்பதெல்லாம் இப்போது அவருக்குத் தெரியும். பஞ்சாயத்து முடிந்த அன்றைக்கு ராத்திரிதான் மோசமாக இருந்தது என்று பல பெண்கள் சொல்லியிருக்கிறார்கள். ஒருவர் மற்றவருக்குப் பயப்படுகிற வீட்டில் தம்பதியை ஒன்றாக உட்காரவைத்துப் பேசுவதை நாங்களே தவிர்ப்போம். பயப்படுகிறவர் அந்த அறையில் உண்மையைச் சொல்ல முடியாது, சொன்னால் அதற்கான விலையை வீட்டில் கொடுக்க வேண்டியிருக்கும்.

சட்டத்தைப் பற்றிக் கேட்பவர்களுக்கு நான் மாதர் சாசனத்திலிருந்து ஆரம்பிப்பேன். 1961-ல் வந்த சட்டம், பலமுறை திருத்தப்பட்டது. மனைவி என்றாலும் அவள் சம்மதமில்லாத உறவு குற்றம்தான் என்பது தண்டனைச் சட்டத்தில் விலக்கு எதுவும் இல்லாமல் நிலைத்தது 2020 ஜனவரி முதல் தேதியிலிருந்து. குடும்ப வன்முறைக்கான புதிய திருத்தங்கள் 2025 ஜனவரி 2-ம் தேதி நடப்புக்கு வந்தன. என் வேலைக்கு அதில் முக்கியமானது, மனத்தளவில் வதைப்பதும், மிரட்டுவதும், ஒருவரைக் கட்டுப்படுத்தி வைப்பதும் வன்முறைதான் என்று சட்டமே தெளிவாகச் சொல்லிவிட்டது. 18 வயது நிறைந்தவர் பாதுகாப்பு ஆணைக்குத் தானாகவே விண்ணப்பிக்கலாம், முன்பு அது 21. ஆணையை மீறினால் 10,000 வெள்ளி வரை அபராதம், 12 மாதம் வரை சிறை, அல்லது இரண்டும்.

தனிநபர் பாதுகாப்பு ஆணை என்றதும் பெண்கள் கேட்கிற முதல் கேள்வி தங்களைப் பற்றி இருக்காது. "அவருக்கு வேலை போயிடுமா? ரெக்கார்டு வந்துடுமா?" ஆணை வழங்கப்பட்டதாலேயே யாருக்கும் குற்றப் பதிவு வந்துவிடாது, அதை மீறினால்தான் குற்றம். இதைச் சொன்ன பிறகுதான் சிலர் நாற்காலியில் சாய்ந்து உட்காருவார்கள். அடுத்தது சாட்சி. யாரும் பார்க்கவில்லை, யார் நம்புவார்கள்? கிரிமினல் வழக்குக்கு வேண்டிய அளவு ஆதாரம் இதற்குத் தேவையில்லை, நடந்திருக்க வாய்ப்பு அதிகம் என்று நீதிபதிக்குத் தோன்ற வேண்டும், அவளைப் பாதுகாக்க ஆணை தேவை என்றும் தோன்ற வேண்டும். பலதுறை மருந்தகத்தில் காட்டிய சீட்டு, வாட்ஸ்அப்பில் வந்த வசவு, தேதி போட்டு எழுதிய குறிப்பு எல்லாம் உதவும். ஆபத்து உடனடியாக இருந்தால் விசாரணைக்கு முன்பே விரைவு ஆணை கேட்கலாம். முஸ்லிம் குடும்பங்களில் விவாகரத்துக்குத்தான் ஷரியா நீதிமன்றம், பாதுகாப்பு ஆணைக்கு அவர்களும் குடும்ப நீதிமன்றத்துக்கே வர வேண்டும். காதலர்களாக மட்டும் இருப்பவர்களுக்கு இந்தச் சட்டம் பொருந்தாது, அவர்கள் 2014-ல் வந்த தொந்தரவுத் தடுப்புச் சட்டத்தின் கீழ்ப் போக வேண்டும்.

எந்தப் பெண்ணிடமும் கேட்காமல் விடக் கூடாது என்று நான் வைத்திருக்கிற கேள்வி ஒன்று இருக்கிறது. "கழுத்தைப் பிடித்திருக்கிறாரா?" கன்னத்தில் அறைந்ததை விலாவாரியாகச் சொல்கிறவர்கள் இதைத் தானாகச் சொல்ல மாட்டார்கள். "ஒரு தடவைதான்க்கா, உடனே விட்டுட்டார், காயம் எதுவும் இல்லை." கழுத்தை நெரித்தால் பெரும்பாலும் வெளியே தடம் தெரியாது. உள்ளே சேதம் இருக்கலாம், அதனால் மருத்துவரிடம் அனுப்புவோம். அதைவிட முக்கியம், கழுத்தை நெரித்திருக்கிறவர் பின்னால் கொலை வரை போகிற அபாயம் அதிகம் என்பது ஆய்வுகளில் திரும்பத் திரும்பத் தெரிந்த விஷயம். அந்தப் பதில் வந்ததும் காம்கேர் படிவத்தை அப்படியே வைத்துவிட்டு, இன்றைக்கு ராத்திரி எங்கே தூங்கப் போகிறாள் என்பதைத்தான் பேசுவோம். வேண்டுமானால் பாதுகாப்பு இல்லத்துக்கு ஏற்பாடு செய்வோம்.

அப்படியானால் ஏன் இன்னும் அங்கேயே இருக்கிறாள் என்று கேட்கிறவர்கள் நிறைய. விட்டு வருகிற நேரமும் வந்த பிறகு சில காலமும்தான் அதிக ஆபத்து என்பது அவளுக்கு நம்மைவிட நன்றாகத் தெரியும். அதனால் நான் யாரையும் "கிளம்பி வா" என்று அவசரப்படுத்துவதில்லை. பாஸ்போர்ட் எங்கே, பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ் எங்கே, நகை யாருடைய பெட்டியில், மாமியார் எத்தனை மணிக்குச் சந்தைக்குப் போவார் என்று பேசுவோம். காகிதங்களின் நகல் ஒன்று நம்பகமான ஒருவரிடம் இருக்கட்டும் என்போம். சிலர் போய்விட்டுத் திரும்பி வருவார்கள், மறுபடி போவார்கள். இதில் எரிச்சல்படுகிற இளம் ஊழியர்களைப் பார்த்திருக்கிறேன். அவள் மூன்றாவது தடவை வரும்போது கதவைத் திறக்கிற முகம் சுளித்திருந்தால் நான்காவது தடவை வர மாட்டாள், அவ்வளவுதான்.

கணவன் மனைவி என்று மட்டும் நினைத்துவிட வேண்டாம். முக்காலியைத் தூக்கி எறிகிற மகனுக்குப் பயந்து, பகலெல்லாம் கீழ்த்தளத்தில் உட்கார்ந்திருந்த ஒரு பாட்டி இருந்தார். "பெத்த பிள்ளை மேல கேஸ் போடச் சொல்றியா பாப்பா?" என்று என்னிடம் கோபித்துக்கொண்டார். ஆணையோடு சேர்த்து மகனைக் கட்டாய ஆலோசனைக்குப் போகச் சொல்லவும் நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு என்று சொன்ன பிறகுதான் யோசிக்க ஆரம்பித்தார். அவனைத் தண்டிப்பது அவர் நோக்கம் இல்லை, குடியை விட்டால் போதும் அவருக்கு. அடிபடுகிற ஆண்களும் வருகிறார்கள், மிகக் கொஞ்சம் பேர். அவர்கள் பெண்களைவிட அதிக நேரம் மின்சார பில்லைப் பற்றியே பேசிக்கொண்டிருப்பார்கள்.

பக்கத்து வீட்டுக்காரர்கள் என்னிடம் கேட்பது, "நாங்க தலையிடலாமா?" என்பதுதான். சத்தம் கேட்கிற அந்த நேரத்தில் போலீஸ் எண் 999. வாய்விட்டுப் பேச முடியாத நிலைமையில் 70999 எண்ணுக்குக் குறுஞ்செய்தி அனுப்பலாம். மற்ற நேரத்தில் தேசிய வன்முறை எதிர்ப்பு உதவி எண் 1800-777-0000, நாள் முழுவதும் இயங்குகிறது, பாதிக்கப்பட்டவர்தான் கூப்பிட வேண்டும் என்று இல்லை. அவளிடம் நேராகப் பேச வேண்டுமானால் தனியாக இருக்கும்போது பேசுங்கள். வாட்ஸ்அப்பில் எழுதாதீர்கள், அந்தப் போனை வேறு யாராவது படித்துக்கொண்டிருக்கலாம். அவள் "ஒண்ணும் இல்லை" என்று சொன்னால் சரி என்று விட்டுவிட்டு, அடுத்த வாரம் வேறு ஏதாவது சாக்கில் மறுபடி பேசுங்கள்.